கட்டைவிரல் அசையும் வரை

என் வலது கால் கட்டைவிரலுக்கு ஒரு சரித்திரம் உண்டு. சிரிக்காதீர்கள். கள்ளக்குறிச்சியிலிருந்து கரியாலூருக்கு மலையேறும் பஸ்ஸைப் பதினெட்டு வருஷம் ஓட்டியவன் நான். அந்தப் பாதையில் ஒரு பக்கம் பாறை, மறுபக்கம் ஒன்றுமே இல்லை. நடுவில் அறுபது ஜனம், பத்து மரவள்ளி மூட்டை, நாலைந்து கோழி. இத்தனை உயிரும் ஒரு பெடலை நம்பி, அந்தப் பெடல் என் கட்டைவிரலை நம்பி. ஸ்டியரிங்கை எவன் வேண்டுமானாலும் சுற்றுவான் சார், கால்தான் டிரைவர்.

அந்தக் கால் ஒரு நாள் காலையில் என்னை விட்டுப் போய்விட்டது. போனது தனியாகவாவது போகக்கூடாதா, என் மகளின் கல்யாணத்தையும் கூடவே இழுத்துக்கொண்டு போகப் பார்த்தது.

நோய் என்னவோ காலில் இல்லை. அடிவயிற்றில், வலது தொடை மடிப்புக்கு மேலே, எலுமிச்சம்பழம் அளவில் ஒரு புடைப்பு. இருமினால் வெளியே வரும், படுத்தால் உள்ளே போய்விடும். மூன்று வருஷம் யாரிடமும் மூச்சு விடவில்லை. இருமல் வந்தால் வலது கையில் ஸ்டியரிங், இடது கையால் அதை ஓர் அமுக்கு. என்னிடம் எந்த ரகசியமும் மூன்று நாள் தங்காது என்பாள் என் மனைவி. மூன்று வருஷம் தங்கிய ரகசியம் ஒரு தும்மலில் போனது.

“இன்னாங்க அது?”

“ஒன்னுமில்ல.”

“ஒன்னுமில்லாததப் போயி எதுக்கு அப்படி அமுக்கிக்கினு நிக்கறீங்க?”

மறுநாளே ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள். குடலிறக்கம் என்றார் டாக்டர். தசை விட்டுக்கொடுத்த இடத்தில் குடல் எட்டிப் பார்க்கிறது, உள்ளே போகாமல் ஒரு நாள் மாட்டிக்கொண்டால் உயிருக்கே ஆபத்து, சீக்கிரம் ஆபரேஷன் செய்துகொள் என்றார். எனக்குக் கோபம் வந்தது. டாக்டர் மேல் இல்லை, நேரத்தின் மேல். அப்போது கார்த்திகை மாதம். தை மாதத்தில் மகளுக்குக் கல்யாணம். பூ வைத்து முடித்திருந்தோம்.

கல்யாணம் இருந்தால் ஆபரேஷனுக்கு என்ன என்று கேட்பீர்கள். சொல்கிறேன். இதற்கு முன்னால் ஒரு வரன் வந்து, பெண்ணைப் பிடித்திருக்கிறது என்று சொல்லிவிட்டு, அப்படியே நின்றுபோனது. பெண் பார்க்க வந்த அன்று எனக்கு நல்ல இருமல். ‘அப்பனுக்கு இன்னாமோ சீக்கு இருக்குது’ என்று அவர்கள் திரும்பிப் போகும்போது பேசியது, பஸ் பஸ்ஸாக ஏறி என் காதுக்கே வந்து சேர்ந்தது. மகள் ஒரு வாரம் யாரோடும் பேசவில்லை. என்னோடு மட்டும் பேசினாள். “நீ இருமுனா இன்னாப்பா, மனுசன் இருமத்தான் செய்வான்” என்றாள். அதைக் கேட்டு நான் பஸ்ஸுக்குள் உட்கார்ந்து அழுதேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், அழுதேன்.

இந்த இரண்டாவது வரன் மலைமேல் பள்ளிக்கூடத்தில் வாத்தியார். மகளுக்குப் பிடித்திருந்தது. வாசல் பெருக்கும்போது பாட்டு முணுமுணுக்க ஆரம்பித்திருந்தாள்; அதுவரை விளக்குமாற்றைச் சண்டைக்கு எடுப்பவள் மாதிரிதான் எடுப்பாள். மாப்பிள்ளைக்கு அம்மா இல்லை, அப்பா மட்டும்தான். அவர் மலையெல்லாம் சுற்றி மரவள்ளிக்கிழங்கு வாங்கி, கீழே ஜவ்வரிசி மில்லுக்கு அனுப்பும் வியாபாரி.

அந்தச் சம்பந்தி எனக்கு ஆரம்பத்திலிருந்தே பிடிபடவில்லை. எப்போது பார்த்தாலும் ஒரு கையை இடுப்புக்குக் கீழே வேட்டி மடிப்பில் வைத்தபடி, ஜமீன்தார் மாதிரி அடி எண்ணி நடப்பார். பூ வைத்த அன்று எல்லோரும் பந்தியில் தரையில் உட்கார்ந்தார்கள். அவர் மட்டும் நாற்காலி கேட்டார். “தரையில உக்காரமாட்டாராமா, பெரிய எடம்” என்று என் மனைவி உள்ளே முணுமுணுத்தாள். அந்தப் பெரிய இடத்துக்கு என் எலுமிச்சம்பழம் தெரியக்கூடாது என்று ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பிய அன்றே முடிவு செய்துவிட்டோம். யாராவது கேட்டால் திருநாவலூரில் தங்கச்சி வூட்டுக்குப் போயிருக்கிறார் என்று சொல்வதாக ஏற்பாடு. என் கண்டக்டருக்கு மட்டும்தான் உண்மை தெரியும். பன்னிரண்டு வருஷம் ஒரே வண்டியில் விசில் ஊதியவன். “உயிரே போனாலும் வாயத் தொறக்கமாட்டேன்ணே” என்றான்.

டிப்போவில் ஒவ்வொருவனும் ஒரு டாக்டர். பெயரைச் சொல்லாமல், “இந்த மாதிரி ஒருத்தருக்கு ஆபரேஷன்னா மயக்கம் எப்படிக் குடுப்பாங்க?” என்று பொதுவாகக் கேட்டு வைத்தேன். “முதுகுல ஊசி போடுவான். அதோட இடுப்பு போச்சு. அப்பறம் டிரைவர் சீட்ல உக்காரவே முடியாது” என்றான் ஒருவன். இன்னொருவன், “கால் வரும், ஆனா முன்ன மாதிரி வராது” என்றான். அதுதான் என்னை அடித்தது. முன்ன மாதிரி வராத காலை வைத்துக்கொண்டு மலையில் நான் என்ன செய்வேன்?

மயக்க டாக்டர் ஒரு சின்ன வயது அம்மா. தியேட்டரில் அவரைப் பார்த்ததுமே கையெடுத்துக் கும்பிட்டேன்.

“ஒரேடியா மயக்கம் குடுத்துடுங்கம்மா. முதுகுல மட்டும் வேணாம்.”

“நெஞ்சுல சளி கட்டியிருக்கு. முழு மயக்கம் குடுத்தா முழிக்கும்போது இருமுவீங்க, தையலுக்கு ஆகாது. பீடி எத்தன குடிக்கறீங்க?”

“ஒரு கட்டும்மா.”

“ஒரு நாளைக்கா?”

“ஒரு டிரிப்புக்கு.”

அவர் நர்ஸைப் பார்த்தார், நர்ஸ் கூரையைப் பார்த்தார். பிறகு டாக்டரம்மா எனக்குப் பொறுமையாக விளக்கினார். முதுகெலும்புக்குள் வரும் நரம்புத்தண்டு இடுப்புக்கு மேலேயே முடிந்துவிடுகிறதாம். ஊசி போடுகிற இடத்தில் தண்ணீரும் அதில் மிதக்கிற நரம்பு இழைகளும்தானாம், ஊசி வந்தால் இழைகள் விலகிக்கொள்ளுமாம். எதிரே வண்டி வந்தால் நாம் ஒதுங்குகிற மாதிரி என்று நானே அர்த்தம் பண்ணிக்கொண்டேன்.

உட்காரவைத்து, “முதுக வளைங்க” என்றார். வளைந்தேன். “இன்னும்.” வளைந்தேன். “இன்னும் நல்லா.”

“இதுக்கு மேல தொப்பை வுடமாட்டேங்குதும்மா.”

“மத்தியானம் வண்டிய நிறுத்திட்டு எப்படித் தூங்குவீங்க?”

“ஸ்டியரிங்கக் கட்டிப்புடிச்சிக்கினு.”

ஒரு தலையணையை என் மடியில் வைத்தார். “இந்தாங்க ஸ்டியரிங். தூங்குங்க.”

கட்டிப்பிடித்துக் கவிழ்ந்தேன். முதுகு தானாக வளைந்து கொடுத்தது. “உங்களுக்கு எப்படிம்மா தெரியும்?” என்றேன். “எங்கப்பா லாரி ஓட்டுனாருங்க. அசையாதீங்க” என்றார். அந்தப் பதிலிலேயே பாதி பயம் போய்விட்டது. முதலில் எறும்பு கடித்தது போல ஒன்று. பிறகு யாரோ விரலால் முதுகை அழுத்துவது போல ஒன்று. டிப்போவில் நாள் கணக்காகப் பேசிய ஊசி அவ்வளவுதான்.

மல்லாக்கப் படுக்க வைத்தார்கள். உட்காருமிடத்தில் இதமாக ஒரு சூடு, இஞ்சின் பானெட் மேல் உட்கார்ந்தால் வருகிற சூடு. அது தொடைக்கு வந்து, முழங்காலுக்கு வந்து, பாதம் வரை இறங்கியது. இறங்கிய இடமெல்லாம் கனத்துப்போனது. நனைந்த பஞ்சைத் தோளில் வைத்தார், சில்லென்று இருந்தது. வயிற்றில் வைத்தார், வைத்ததே தெரியவில்லை.

“காலத் தூக்குங்க பாக்கலாம்.”

தூக்கினேன். அதாவது, தூக்கச் சொன்னேன். யாரும் கேட்கவில்லை. வலது காலை அழுத்தினேன், கட்டைவிரலை அழுத்தினேன். மலையில் ஒரு முறை எனக்குப் பிரேக் பிடிக்காமல் போயிருக்கிறது. வண்டியைப் பாறையோரம் உரசி நிறுத்தினேன். அன்றைக்குப் பிரேக்தான் இல்லை, கால் இருந்தது. இன்றைக்குக் காலே இல்லை. உடம்பெல்லாம் வேர்த்துவிட்டது.

அந்த நேரம் பார்த்து என் முகத்துக்கு எதிரே ஒரு கால் மேலே போனது. கறுத்த கால், குதிகாலில் வெடிப்பு, நகமெல்லாம் கிரீஸ்.

“டாக்டரம்மா, யாருது அந்தக் காலு?”

“உங்களுதுதாங்க. துணி போட்டு மூடறாங்க.”

நாற்பத்தொன்பது வருஷம் கூடவே இருந்த காலை அடையாளம் தெரியாமல் பார்த்தது அன்றைக்குத்தான். இவ்வளவு அழுக்காக வைத்திருக்கிறோமே என்று அந்த நிலைமையிலும் வெட்கமாக இருந்தது.

குறுக்கே ஒரு துணியைத் திரைபோல் கட்டிவிட்டு அந்தப் பக்கம் வேலையை ஆரம்பித்தார்கள். யாரோ என் சட்டைப் பையில் சாவி தேடுகிற மாதிரி இருந்ததே தவிர வலி இல்லை. கொஞ்ச நேரத்தில் ஒரு தீய்ந்த வாசனை வந்தது. பதினெட்டு வருஷப் பழக்கம், வாய் சும்மா இருக்குமா?

“பிரேக் லைனிங் கருகுது! வண்டிய நிறுத்துங்க!” என்று கத்திவிட்டேன்.

“ரத்தம் வராம இருக்க சூடு வெக்கறோங்க” என்று திரைக்கு அந்தப் பக்கமிருந்து பெரிய டாக்டர் குரல் வந்தது. “ஓட்டுனர்கிட்டப் பேசாதீங்கன்னு பஸ்ல எழுதியிருக்கும் இல்ல? இன்னைக்கு ஓட்டுனர் நான்.”

வாயை மூடிக்கொண்டேன். ஆபரேஷன் முடிந்தது. வார்டில் கொண்டுவந்து போட்டு, மயக்க டாக்டரம்மா கண்டிப்பாகச் சொன்னார். தலையணை கிடையாது. நாளைக் காலை வரை தலையைத் தூக்கக்கூடாது, தூக்கினால் மண்டை பிளக்கிற தலைவலி வரலாம். கால் இரண்டு மூன்று மணி நேரத்தில் தானாக வரும், முதலில் விரல் அசையும். என் மனைவி எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டு, ஒரு கையை என் நெற்றி மேலேயே வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

ஒரு மணி நேரம் ஆகியிருக்கும். வார்டு வாசலில் ஒரு கையில் வாழைப்பழச் சீப்பு, ஒரு கை வேட்டி மடிப்பில். சம்பந்தி.

நடந்தது பிறகு தெரிந்தது. காலை பஸ்ஸில் மலையிலிருந்து இறங்கியவர், “டிரைவர் புதுசா கீறாரே, நம்ம சம்பந்தி எங்க?” என்று கேட்டிருக்கிறார். “திருநாவலூர் போயிருக்காருங்க” என்று என் கண்டக்டர் சரியாகத்தான் சொல்லியிருக்கிறான். “எதுக்கு?” என்று கேட்டதும் பயல் தடுமாறி, “முதுகுல ஊசி போட்டுக்கறதுக்குங்க” என்று, எந்த ஆஸ்பத்திரி என்பது வரை கொட்டிவிட்டான். இவன் உயிர் போனாலும் வாயைத் திறக்காதவனாம்!

பெண்ணைக் கொடுக்கப்போகிறவன் நான். சம்பந்தி வந்து நிற்கும்போது மல்லாக்கப் படுத்துக் கிடப்பதா? எங்கள் பக்கம் சாகக் கிடக்கிறவன்கூட சம்பந்தி வந்தால் எழுந்து வேட்டியைச் சரிசெய்வான். பழக்கத்தில் தலையைத் தூக்கிவிட்டேன். மனைவி நெற்றியில் வைத்த கையால் ஓர் அழுத்து அழுத்தினாள்.

“வாங்க சம்பந்தி” என்றேன் கூரையைப் பார்த்து.

அவர் வந்து நின்றது எங்கே என்று நினைக்கிறீர்கள்? சரியாக என் கால்மாட்டில். என் இரண்டு பாதமும் அவரைப் பார்த்து நீட்டிக்கொண்டிருந்தன. எவ்வளவு பெரிய மரியாதைக் குறைவு! மடக்கு மடக்கு என்று உள்ளே கத்துகிறேன், இரண்டும் கட்டை மாதிரி கிடக்கின்றன. “ஏ, என் கால அந்தாண்ட திருப்பி வுடு” என்று மனைவியிடம் பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னேன். அவள் இரண்டு கையாலும் தூக்கிச் சுவர்ப்பக்கம் நகர்த்தினாள். அதைச் சம்பந்தி கண்கொட்டாமல் பார்த்தார்.

“உங்களால நவுத்த முடியாதுங்களா?”

“இப்ப கொஞ்சம் மரத்துக்கினு இருக்குது. வந்துடுங்க.”

“வரும்னு யாரு சொன்னது?”

“டாக்டருங்க.”

“யாருக்காவது வராம பூட்டுதா? கேட்டுப் பாத்தீங்களா?”

அவர் விடவில்லை. ஊசி எவ்வளவு நீளம், குத்தும்போது உயிர் போகிற மாதிரி இருந்ததா, புத்தி தெளிவாக இருந்ததா, ஒரு வக்கீல் கூட இவ்வளவு கேட்கமாட்டான். நடுவில் குனிந்து என் கட்டைவிரலை ஒரு கிள்ளு கிள்ளி, “தெரியுதுங்களா?” என்றார். தெரியவில்லை. “தெரியுதுங்க” என்றேன். “எந்த விரலு?” என்றார். மாட்டிக்கொண்டேன்.

ஒவ்வொரு கேள்விக்கும் எனக்கு ஒரே அர்த்தம்தான் பட்டது. ‘நொண்டி வூட்ல பொண்ணு எடுக்கணுமா?’ கோபம் ஜிவ்வென்று ஏறியது, ஆனால் எங்கே காட்டுவது? பெண்ணைப் பெற்றவன், அதிலும் பாதி உடம்போடு படுத்திருக்கிறவன். அவர் ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு, என் கால்மாட்டில் உட்கார்ந்துகொண்டார்.

“காலு வரட்டும். பாத்துட்டே போறேன்.”

என் மனைவியின் முகத்தில் ரத்தமே இல்லை. அந்த நேரத்தில் கஞ்சித் தூக்கோடு மகள் உள்ளே வந்தாள். அவர் ஸ்டூலில் உட்கார்ந்து என் கட்டைவிரலை முறைத்துக்கொண்டிருப்பதையும், எங்கள் இரண்டு பேர் முகத்தையும் பார்த்தாள். அவளுக்கு என் கோபம் அப்படியே உண்டு. தூக்கை வைத்துவிட்டு நேராக அவர் முன்னால் போய் நின்றாள்.

“மாமா, எங்கப்பாவுக்குக் காலு வரும். வரலன்னாலும் நான் தோள் குடுத்து நடத்திக்கினு போவேன். இதுக்காகக் கல்யாணம் வேணாம்னா இப்பவே சொல்லிடுங்க. காத்திருந்து பாத்துச் சொல்லாதீங்க.”

எனக்கு அவளைக் கட்டிக்கொள்ள வேண்டும் போலவும், வாயில் ஒன்று போட வேண்டும் போலவும் இருந்தது. முடிந்தது, பாட்டு முணுமுணுப்பெல்லாம் இன்றோடு முடிந்தது என்று நினைத்தேன்.

சம்பந்தி மலங்க மலங்க விழித்தார். “கல்யாணம் வேணாம்னு யாரும்மா சொன்னது?” என்றார். பக்கத்துக் கட்டில்களை ஒரு முறை பார்த்தார். ஸ்டூலை என் தலைமாட்டுக்கு நகர்த்தி, குரலைத் தாழ்த்தினார்.

“எனக்கும் கீது சம்பந்தி.”

“இன்னாது?”

வேட்டி மடிப்பில் இருந்த கையை எடுத்தார். அங்கே எலுமிச்சம்பழம் இல்லை, ஒரு நல்ல சாத்துக்குடியே இருந்தது.

“ஏழு வருசமா. மூட்ட தூக்கித் தூக்கி வந்தது. தரையில உக்காந்தா எழுந்திருக்க முடியல. டாக்டரு எப்பவோ சொல்லிட்டாரு, முதுகுல ஊசி போட்டு ஆபரேசன்னு. பயந்துக்கினு ஓடியாந்துட்டேன். பையனுக்குக்கூடத் தெரியாது. உங்களுக்குத் தெரிஞ்சா சீக்காளி வூடுன்னு பொண்ணு குடுக்கமாட்டீங்கன்னு…” மறுபடியும் பக்கத்துக் கட்டிலைப் பார்த்துக்கொண்டார். “உங்களுக்குப் போட்டிருக்குன்னு கண்டக்டரு சொன்னதும், காலு திரும்பி வருதான்னு கண்ணால பாத்துடலாம்னுதான் ஓடியாந்தேன்.”

அடப்பாவி மனுஷா! ஜமீன்தார் நடை! அந்த நடையை மூன்று வருஷமாக நானே நடந்துகொண்டிருந்தேன். உலகத்தில் அதைப் பார்த்ததும் கண்டுபிடித்திருக்க வேண்டிய ஒரே ஆள் நான்தான். எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் தையல் இழுக்கும், தலையைத் தூக்கக்கூடாது, கண்ணிலிருந்து தண்ணீர் இரண்டு காதுக்குள்ளும் வழிந்தது. மகள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். “மன்னிச்சுக்கங்க மாமா” என்றாள். “நீ கேட்டது சரிதாம்மா. எங்க வூட்டுக்கு இப்படி ஒரு ஆளு வேணும்” என்றார் அவர்.

பிறகு நாலு பேரும் என் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டிருந்தோம். இல்லை, மூன்று பேர். நான் கூரையைத்தான் பார்த்தேன். ரொம்ப நேரம் கழித்து, “ஆடுச்சி! ஆடுச்சி சம்பந்தி!” என்று அவர் போட்ட கூச்சலில் நர்ஸ் ஓடிவந்து திட்டினார். எனக்கு ஒன்றும் தெரியவில்லை. என் காலைப் பற்றி எனக்கு முன்னால் அவருக்குத் தெரிந்தது. சாயங்காலத்துக்குள் முழங்கால் மடங்கியது. டிப்போக்காரன் சொன்னதெல்லாம் பொய். அது முன்ன மாதிரியேதான் வந்தது, அழுக்கு உட்பட.

கல்யாணம் தை மாதத்தில் நன்றாக நடந்தது. மூன்று மாதம் கனம் தூக்கக்கூடாது என்பதால் நாங்கள் இரண்டு அப்பன்களும் பந்தலில் நாற்காலி போட்டு உட்கார்ந்தே இருந்தோம். “ரெண்டு சம்பந்திக்கும் திமிரப் பாத்தியா, ஒரு அண்டாவக்கூட நவுத்தல” என்று சொந்தக்காரர்கள் இன்னும் சொல்கிறார்கள்.

இரண்டு பேரும் என்றேன் இல்லையா? எனக்குத் தையல் பிரித்த அன்றே அவருக்கு ஆபரேஷன். நான் கூட இருந்தால்தான் வருவேன் என்றுவிட்டார். தியேட்டர் வாசலில் மயக்க டாக்டரம்மா என்னைப் பார்த்து, “இவரு எதக் கட்டிப்புடிச்சித் தூங்குவாரு?” என்று கேட்டார். “மரவள்ளி மூட்டைம்மா” என்றேன்.

வார்டுக்குக் கொண்டுவந்ததும் அதே ஸ்டூலை அவர் கால்மாட்டில் போட்டு நான் உட்கார்ந்தேன். மகள் பக்கத்தில் நின்றாள். பெரிய ஆள்தான், மலை மலையாக மூட்டை தூக்கின ஆள். கூரையைப் பார்த்துப் படுத்துக்கொண்டு ஐந்து நிமிஷத்துக்கு ஒரு தரம், “வந்துச்சா சம்பந்தி?” என்று கேட்டார். “இன்னும் இல்லீங்க” என்றேன். ஒரு மணி நேரம் போனது. இரண்டு மணி நேரம் போனது. “வந்துச்சா?” என்ற குரல் வரவரச் சின்னதாகிக்கொண்டே வந்தது.

கட்டைவிரலைப் பார்த்தேன். அது அசையவில்லை.

“ஆடுச்சிங்க சம்பந்தி. நல்லா ஆடுது” என்றேன். மகள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். பிறகு அவளும், “ஆமா மாமா, நானும் பாத்தேன்” என்றாள்.

அவர் ஒரு பெருமூச்சு விட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். இருபது நிமிஷம் கழித்து அந்த விரல் நிஜமாகவே அசைந்தபோது, அவர் நன்றாகக் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார்.